கூட்டாமல் விட்ட இடம்

"உள்ள எதையோ விட்டுட்டு வந்துட்டேன்னு சொல்றாங்க போலிருக்கு. என்ன விட்டாங்கன்னு கேளும்மா," என்றார் ஆஸ்பத்திரி வாசலில் காவல் நின்ற எப்ராயின். அவருக்கு ஸ்பானிஷ் மட்டும்தான் தெரியும்.

மொழிபெயர்ப்பு மேசையில் உட்கார்ந்திருந்த லோஷா எழுந்து வந்து, எதிரே நின்ற பெண்ணிடம் மலைக்கிராமத்தாரின் சோட்சில் மொழியில் அதைக் கேட்டாள்.

"என் பிள்ளையை," என்றாள் அந்தப் பெண்.

பிள்ளை அவள் இடுப்பில்தான் இருந்தான். ஒன்றரை வயது இருக்கும். காவலாளியின் சட்டைப் பித்தானைப் பார்த்தபடி சத்தமில்லாமல் இருந்தான்.

"இவனையா?" என்று லோஷா கேட்டாள். கேட்ட மறுகணமே அவளுக்கு விஷயம் புரிந்துவிட்டது. கேட்டிருக்க வேண்டாம் என்று தோன்றியது.

"இவனைத்தான் தங்கச்சி. பாதி இங்க இருக்கான், மீதி ஜன்னலோரத்துப் படுக்கைக்குக் கீழ இருக்கான். உள்ள போறப்போ சால்வையை இவங்கதானே வாங்கி வெச்சுக்கிட்டாங்க? வெளித்துணி உள்ள வரக்கூடாதுன்னு சொல்லி? எதை வெச்சுக் கூட்டிட்டு வருவேன்? சால்வையை வாங்கிட்டுப் போயிக் கூட்டிக்கலாம்னு வந்தேன். இப்போ திரும்ப விடமாட்டேங்கறாரு."

"என்னவாம்?" என்றார் எப்ராயின்.

லோஷா கொஞ்சம் யோசித்தாள். "ஒரு பொருளாம். ரொம்ப முக்கியமானதாம்."

அவர் மேசைக்கு அடியிலிருந்து ஓர் அட்டைப்பெட்டியை இழுத்துத் திறந்தார். ஒற்றைக் காலுறை, பால் புட்டி, பல் போன சீப்பு, யாருடையதோ ஒரு ஜெபமாலை. "இதுல இருக்கான்னு பாரும்மா." அந்தப் பெண் மரியாதைக்காகக் குனிந்து ஒவ்வொன்றையும் பார்த்தாள்.

"இதுல இல்லன்னு சொல்லு தங்கச்சி. அவரு மேல தப்பில்லன்னும் சொல்லு. ஒரே நிமிஷம். நான் போயி, குனிஞ்சு, மூணு தடவை தரையைக் கூட்டி, பேரைச் சொல்லிக் கூப்பிட்டுட்டு வந்துடுவேன்."

"ஒரு நிமிஷம்தான் கேக்கறாங்க," என்றாள் லோஷா.

"எல்லாரும் ஒரு நிமிஷம்தான் கேக்கறாங்க. டிஸ்சார்ஜ் சீட்டுல கையெழுத்தாயிட்டா உள்ள விடக்கூடாது. போன வாரம் ஒரு பெரியவரைப் பாவம் பார்த்து விட்டேன். எல்லார் முன்னாலயும் என்னைக் கிழிச்சுத் தொங்கப் போட்டுட்டாங்க."

வெளியே வண்டியின் ஹாரன் ஒலித்தது. இளஞ்சிவப்பு அங்கி போட்ட ஒரு மனிதன் வேகமாக உள்ளே வந்தான். "பஷ்கு! என்னடி இன்னும் நின்னுகிட்டு? இதுதான் கடைசி வண்டி. போயிடுவான்."

"உள்ள கூட்டலைங்க," என்றாள் அவள். அவ்வளவுதான் சொன்னாள்.

அவன் முகம் மாறிவிட்டது. தொப்பியைக் கழற்றிக் கையில் பிடித்துக்கொண்டு எப்ராயின் முன்னால் போய் நின்றான். பூ விற்கத் தேவையான ஸ்பானிஷ் மட்டும்தான் அவனுக்கு வரும். "தயவு செஞ்சு, ஐயா," என்றான். திரும்பவும் அதையே சொன்னான். எப்ராயின் வாசல் பக்கம் பார்த்தபடி நின்றார். ஹாரன் மறுபடியும் ஒலித்தது.

போகும்போது அந்தப் பெண் வாசற்படியில் குனிந்து, திரும்பக் கிடைத்த சால்வையின் நுனியால் படியைத் தன் பக்கமாகக் கூட்டினாள். "வா லோல், வா. இங்க இருக்காதே. வீட்டுக்குப் போலாம் வா." மூன்று முறை கூட்டிவிட்டு, சால்வையைப் பிள்ளையைச் சுற்றி இறுக்கிக்கொண்டு ஓடினாள்.

"பாவம், சுத்தமான பொம்பளை," என்றார் எப்ராயின்.

லோஷாவுக்குப் பஷ்கு அறிமுகமானது அப்படித்தான். அதற்குப் பிறகு ஓராண்டுக்கு மேல், ஏறக்குறைய வாரம் தவறாமல் அவளைப் பார்த்தாள்.

பஷ்குவின் ஊர் சினகாந்தான் பள்ளத்தாக்கில், நெடுஞ்சாலையை ஒட்டி இருந்தது. பாவாடையைத் தானே கட்டத் தெரிந்த வயதிலிருந்து சாலையோரத்தில் பீச் பழம் விற்றவள் அவள். அந்த இளஞ்சிவப்பு அங்கிக்காரன் ரோமினுக்குப் பெண் கேட்டு அவன் வீட்டார் ரொட்டிக் கூடையும் கரும்புச் சாராயமுமாக வந்து அவள் அப்பா முன்னால் மண்டியிட்டபோது, மக்காச்சோளக் குதிருக்குப் பின்னால் ஒளிந்திருந்த பஷ்கு சிரித்துவிட்டாள். வந்தவர்களில் பாதிப் பேர் கோபித்துக்கொண்டு எழுந்துவிட்டார்கள். "உக்காந்த பாதியும் எழுந்து போயிருந்தா எனக்கு நல்ல மாப்பிள்ளை கிடைச்சிருப்பான். உக்காந்த பாதியிலதான் இவரு இருந்தாரு," என்பாள்.

அவர்களுக்குப் பிளாஸ்டிக் கூரை போட்ட பூந்தோட்டம் ஒன்று இருந்தது. கார்னேஷனும் சாமந்தியும். ரோமின் பூ வளர்ப்பான். பஷ்கு அதே பூக்களைச் சால்வையில் தைப்பாள். மூத்தவள் மத்தால், ஏழு வயது. மத்தாலுக்கும் லோலுக்கும் நடுவில் ஒரு பையன் இருந்தான். அவன் பெயரை அந்த வீட்டில் யாரும் சொல்வதில்லை. லொரென்சோ சாமியின் திருவிழாவில் கோயில் முற்றத்தில் அவனை மடியில் வைத்துக்கொண்டு பஷ்கு உட்கார்ந்திருந்தாள். வாணம் ஒன்று சாய்ந்து கூட்டத்துக்குள் பாய்ந்தது. எல்லோரும் ஓட, அவளும் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு ஓடினாள். உட்கார்ந்த இடத்தைக் கூட்டவில்லை. அடுத்த நாள் போய்க் கூட்டினாள். அதற்குள் ஆயிரம் கால்கள் அந்த இடத்தில் நடந்துவிட்டிருந்தன. மழைக்காலம் முடிவதற்குள் அவன் போய்விட்டான்.

கைக்குழந்தையின் உயிர் இன்னும் உடம்போடு ஒட்டியிருக்காது. உட்கார்ந்த இடத்தில், படுத்த இடத்தில் ஒரு துண்டு தங்கிவிடும். அதனால் எழும்போது தாய் சால்வையால் அந்த இடத்தைத் தன் பக்கம் கூட்டி, பெயர் சொல்லி அழைத்துக்கொண்டு வர வேண்டும். அந்த ஊரில் எல்லாத் தாய்மார்களும் செய்வதுதான். ஆனால் லோல் பிறந்த பிறகு பஷ்கு செய்தது வேறு மாதிரி. பேருந்து இருக்கையைக் கூட்டினாள். சந்தையில் தக்காளி எடை போடும் நேரம் நின்ற இடத்தையும் கூட்டினாள். "ஊரையே கூட்டறியே, தெருக் கூட்டற வேலையில சேர்ந்துக்கோயேன், சம்பளமாவது வரும்," என்று ரோமின் கிண்டல் செய்வான். "உங்கம்மா உங்களை ஒழுங்காக் கூட்டி எடுத்துட்டு வந்திருந்தா நீங்க இப்படி அரைகுறையா இருந்திருக்க மாட்டீங்க," என்பாள் அவள்.

அப்படிப்பட்டவள்தான், வயிற்றுப்போக்கும் ஜுரமுமாகப் பிள்ளையை ஆஸ்பத்திரியில் சேர்த்து, உயிரைப் பிடித்து வைத்துக் காப்பாற்றிவிட்டு, கடைசியில் அந்த ஓர் இடத்தை மட்டும் கூட்டாமல் வந்துவிட்டாள்.

வீட்டுக்குப் போனபின் ஜுரம் திரும்பவில்லை. ஆனால் லோல் நடப்பதை விட்டுவிட்டான். வைத்த இடத்தில் உட்கார்ந்திருந்தான். கோழி மேலே ஏறினால்கூட விரட்டவில்லை. தூக்கத்தில் கண் பாதி திறந்தே இருந்தது. நாடிக்காரர் ஆந்துனைக் கூப்பிட்டார்கள். ஆந்துன் பகலில் பூ ஏற்றிக்கொண்டு துஸ்த்லா நகரத்துக்கு லாரி ஓட்டுபவர்; கையைப் பிடித்தால் இரத்தம் அவரிடம் பேசும். லோலின் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டு நெடுநேரம் இருந்தார்.

"ரெண்டு துண்டு இல்ல," என்றார். "வெள்ளைத் தரை போட்ட வீட்டுல விழுந்திருக்கு."

மலையடிவாரச் சிலுவைகளுக்குப் புதுப் பைன் கிளை கட்டினார்கள். மெழுகுவத்தி, சாராயம், கறுப்புக் கோழி. ஆந்துன் சுரைக்குடுக்கையை ஊதி, கோலால் மண்ணை அடித்து, பள்ளத்தாக்கு முழுக்கக் கேட்கிற மாதிரி பெயரைச் சொல்லிக் கூப்பிட்டார். விடியும்போது மறுபடியும் கையைப் பிடித்துப் பார்த்தார். ஒன்று வந்துவிட்டது. இன்னொன்று வரவில்லை.

"மண்ணுக்குச் சொந்தக்காரன் பிடிச்சு வெச்சிருக்கான்," என்றார். கீழே விழுந்ததைப் பொறுக்கி எடுத்துத் தன் வீட்டு வேலைக்கு வைத்துக்கொள்வதுதான் பூமிக்கு அடியில் இருக்கும் அவனுடைய வழக்கம். "மண்ணா இருந்தா நான் கூப்பிடறது அவனுக்குக் கேக்கும். மேல சிமென்டும் ஓடும் போட்டு மூடியிருக்கு. அந்த இடத்துலயே நின்னு கூப்பிடணும். அதுவும் பெத்தவ குரல்தான் வேணும்."

அந்த இடத்துக்குப் போக ஒரே வழிதான் இருந்தது. பிள்ளையை மறுபடியும் உள்ளே சேர்க்க வேண்டும்.

பஷ்கு லோலைத் தூக்கிக்கொண்டு புறநோயாளி வரிசைக்கு வந்தாள். மொழிபெயர்க்க லோஷா கூட உட்கார்ந்தாள். டாக்டர் இளம்வயதுப் பெண். பொறுமையாக நெஞ்சிலும் முதுகிலும் குழாய் வைத்துப் பார்த்தார், வாயைத் திறந்து பார்த்தார், எடை போட்டார்.

"எடை கொஞ்சம் கம்மி. மத்தபடி நல்லாத்தான் இருக்கான். சிரப் எழுதித் தரேன். அடுத்த மாசம் வாங்க."

"இன்னும் கொஞ்சம் உடம்பு மோசமானா உள்ள சேத்துக்குவாங்களான்னு கேளு தங்கச்சி," என்றாள் பஷ்கு.

லோஷா கூட்டாமல் குறைக்காமல் அதையே கேட்டாள். டாக்டர் எழுதுவதை நிறுத்திவிட்டுப் பஷ்குவைப் பார்த்தார். "அம்மா தூங்கறதே இல்லை போலிருக்கு. வீட்டுல வேற யாராவது ஒத்தாசைக்கு இருக்காங்களான்னு கேளுங்க," என்றார். அவர் நிஜமான கவலையோடுதான் கேட்டார். பிள்ளையின் உயிர்த் துண்டு ஒன்று மேல்மாடியில் இருக்கிறது என்பதை எந்தச் சொல்லில் ஆரம்பிப்பது என்று லோஷாவுக்குத் தெரியவில்லை. இரண்டு மொழியிலும் பள்ளியில் முதல் வரிசையில் உட்கார்ந்தவள் அவள். அந்த அறையில் இரண்டுமே உதவவில்லை.

வெளியே வந்ததும் பஷ்கு சுவரில் சாய்ந்து நின்றாள்.

"நேத்து மெழுகுவத்தி ஏத்தி, இவனுக்கு ஜுரத்தைக் குடுன்னு வேண்டிக்கிட்டேன். உடனே பயந்துபோயி, குடுத்துடாதேன்னும் வேண்டிக்கிட்டேன். எது போய்ச் சேர்ந்துச்சோ தெரியல."

பார்வையாளர் நேரத்தில் முயன்றார்கள். உள்ளே இருப்பவர்களின் உறவினர்களுக்கு மட்டும்தான் அனுமதி. ரோமின் துணைக் காவலாளிக்கு ஒரு கட்டு கார்னேஷன் கொண்டுவந்து கொடுத்தான். அவன் சந்தோஷமாக வாங்கி மனைவிக்குக் கொண்டுபோனான். உள்ளே மட்டும் விடவில்லை.

அதன் பிறகு பஷ்கு வியாழக்கிழமை தோறும் ரோமினின் பூ வண்டியில் வந்து, ஆஸ்பத்திரியின் பின்பக்கச் சுவரை ஒட்டி நடைபாதையில் உட்கார ஆரம்பித்தாள். மேலே மூன்றாவதாகத் தெரிந்ததுதான் அந்தப் படுக்கையின் ஜன்னல். சால்வையால் சுவரோரத்தைக் கூட்டுவாள், அண்ணாந்து கூப்பிடுவாள். பக்கத்தில் மக்காச்சோளக் கஞ்சி விற்கும் மிகேலா அண்டை ஊர்ச் சாமுலாக்காரி; வாய்த்துடுக்கு. "ஏண்டி சினகாந்தான்காரி, சத்தமாக் கூப்பிடேன். உன் பிள்ளை செவிடா, நீ ஊமையா?" என்பாள். கொஞ்ச நேரம் கழித்து, தானும் ஜன்னலைப் பார்த்து, கஞ்சி விற்கும் அதே தொண்டையில், "டேய் லோலு! உங்கம்மா வெயில்ல காயறாடா! எறங்கி வாடா!" என்று கத்துவாள். பிறகு ஒரு குவளைக் கஞ்சியை லோலின் முன்னால் வைப்பாள். அவன் அதைத் தொடமாட்டான்.

ஒருமுறை நகரத்துப் பெண்மணி ஒருத்தி, விரித்திருந்த சால்வையில் ஒரு நாணயத்தைப் போட்டுவிட்டு நடந்தாள். பஷ்கு பதறிப்போய் அதை எடுத்துக்கொண்டு தெருமுனை வரை பின்னாலேயே ஓடினாள். அந்தப் பெண்மணி திரும்பிப் பார்த்து, இன்னும் கேட்கிறாள் என்று நினைத்து, மற்றொன்றையும் கையில் வைத்துவிட்டுப் போனாள். இரண்டு நாணயங்களையும் உள்ளங்கையில் வைத்துக்கொண்டு பஷ்கு திரும்பி வந்தபோது லோஷா மதியச் சாப்பாட்டுக்கு வெளியே வந்திருந்தாள். வழக்கம்போல லோஷா தலையைக் குனிந்தாள். மூத்தவள் என்ற முறையில் பஷ்கு புறங்கையால் அவள் நெற்றியைத் தொட்டாள்.

"நானே போறேன் அக்கா," என்றாள் லோஷா. "என்னை உள்ள விடுவாங்க."

"உன் குரலுக்கு வரமாட்டானே."

லோஷா தன் கைபேசியை எடுத்தாள். பஷ்கு அதை முகத்துக்கு நேராகப் பிடித்துக்கொண்டு, வெட்கப்பட்டு, தொண்டையைச் செருமி, பிறகு கண்ணை மூடிக்கொண்டு கூப்பிட்டாள். "வா லோல். எழுந்திரு. அம்மா வந்திருக்கேன். உன் வீடு இங்க இல்ல. உன் அடுப்பு இங்க இல்ல. அக்கா தேடறா. வா."

லோஷாவின் அப்பா வேறு கிறிஸ்தவச் சபையில் சேர்ந்து ஊரைவிட்டு நகரத்துக்கு வந்தவர். மெழுகுவத்தி, சிலுவை, சாராயம் எல்லாவற்றையும் பள்ளத்தாக்கிலேயே விட்டுவிட்டு வந்ததாகச் சொல்வார். லோஷாவுக்காக யாரும் எந்த இடத்தையும் கூட்டியதில்லை. எப்படிக் குனிவது, எந்தப் பக்கம் இழுப்பது என்று மிகேலாவும் பஷ்குவும் ஆளுக்கொரு விதமாக நடைபாதையில் சொல்லிக் கொடுத்தார்கள். "வெளிப்பக்கமாத் தள்ளிடாதேடி, தெருவுல போயிடுவான்," என்றாள் மிகேலா.

பஷ்குவின் சால்வையைக் கோப்புகளுக்கு அடியில் மறைத்துக்கொண்டு லோஷா மேலே போனாள். ஜன்னலோரப் படுக்கையில் இப்போது வேறொரு குழந்தை. அதன் தாய் சோட்சில் பேசும் செனால்ஹோ பக்கத்துக்காரி என்பது பின்னலிலேயே தெரிந்தது. லோஷா குனிந்து சால்வையை எடுத்ததும் அந்தப் பெண் ஒன்றும் கேட்காமல் இரண்டு கால்களையும் தூக்கிக்கொண்டாள். பையைக் கட்டிலின் மேல் எடுத்து வைத்தாள்.

"பேரு?" என்றாள் மெதுவாக.

"லோல்."

லோஷா கைபேசியைத் தரைக்குப் பக்கத்தில் வைத்து ஒலிக்க விட்டாள். ஓட்டுத் தரையில் பஷ்குவின் குரல் தகரம் மாதிரி கேட்டது. லோஷா கூட்டினாள். கட்டிலில் இருந்தவளும், "போ லோல், அம்மாகிட்ட போ சாமி," என்று சேர்ந்து சொன்னாள். நர்ஸ் ஒருத்தி கதவருகே நின்று பார்த்தாள்.

"ஏதாவது தொலைஞ்சு போச்சா?"

"ஆமா."

"கிடைச்சுதா?"

"தெரியல," என்றாள் லோஷா.

மடித்த சால்வையை உதறாமல், இரு கைகளிலும் தட்டு மாதிரி ஏந்திக்கொண்டு படியிறங்கி வந்தாள். எப்ராயின் கதவைத் திறந்து பிடித்தார். நடைபாதையில் பஷ்கு அதை வாங்கி லோலை இறுகச் சுற்றினாள். ரோமின் தொப்பியைக் கழற்றியிருந்தான். மிகேலா கஞ்சிப் பானையை மூடிவிட்டு எழுந்து நின்றாள். நால்வரும் பிள்ளையின் முகத்தைப் பார்த்தார்கள். லோல் சுவரைப் பார்த்தான்.

அன்று மாலை ஆந்துன் அவன் கையைப் பிடித்தார். பிறகு கையைக் கீழே வைத்துவிட்டு, லாரிக்குத் தண்ணீர் ஊற்ற வேண்டும் என்று எழுந்து போய்விட்டார்.

மாதங்கள் போயின. லோல் கையைப் பிடித்துக்கொண்டு நடக்க ஆரம்பித்தான், விட்டால் நின்றுவிடுவான். பேச்சு வரவில்லை. டாக்டர் வேறொரு டாக்டருக்குச் சீட்டு எழுதிக் கொடுத்தார். அந்த டாக்டர் துஸ்த்லாவில் இருந்தார். அவரும் சில பரிசோதனைகள் செய்துவிட்டுக் காத்திருக்கச் சொன்னார். பஷ்கு சொல்வதையெல்லாம் கேட்டாள், எல்லா மருந்தும் கொடுத்தாள். ரோமினைக் கிண்டல் செய்வது நின்றுபோனது. அவன்தான் அடி வாங்குவதற்குத் தயாராக எதையாவது சொல்லிக்கொண்டே இருப்பான். அவள் "உம்" என்பாள். பூத்தையல் போட்ட சால்வை ஒன்று பாதியில் நின்றது. சாமந்தியின் அரைவட்டம் வரை தைத்திருந்தாள்.

பிறகு ஒரு வியாழக்கிழமை எப்ராயின் லோஷாவிடம் சொன்னார்: குழந்தைகள் பிரிவைப் புதுக் கட்டடத்துக்கு மாற்றுகிறார்கள், திங்கட்கிழமை பழைய தரையைப் பெயர்க்க ஆள் வருகிறது. லோஷா அதைத் தனக்குள் வைத்துக்கொள்ளலாமா என்று பார்த்தாள். பின்பக்கச் சுவர் வரை நடப்பதற்குள் முடியாது என்று தெரிந்துவிட்டது. சொன்னாள்.

பஷ்கு அழவில்லை. லோல் நடைபாதையில் உட்கார்ந்து, தன் காலடியில் ஊர்ந்த எறும்பைப் பார்க்காமல் பார்த்துக்கொண்டிருந்தான்.

"அங்க நர்சுங்க இவனை எப்படிக் கூப்பிடுவாங்க, தெரியுமா தங்கச்சி?" என்று பஷ்கு கேட்டாள்.

"லொரென்சோன்னு. சீட்டுல லோலுக்கு அந்தப் பேர்தானே."

"ஆமா. லொரென்சீத்தோன்னு இழுத்து இழுத்துக் கூப்பிடுவாங்க. ஜுரத்துலயும் திரும்பிப் பார்ப்பான். சிரிப்பான்கூட." அவள் தோளிலிருந்து சால்வையை எடுத்து, மடித்து, லோஷாவின் மடியில் வைத்தாள். "நாங்க எல்லாரும் லோல் லோல்னே கூப்பிட்டுட்டிருந்தோம். ஒரு வருஷத்துக்கு மேல அவங்க நடுவுலயே இருக்கான். அவங்க பேச்சைத்தான் கேட்டுட்டிருக்கான். நம்ம பேச்சு மறந்திருக்கும், சின்னப் பிள்ளைதானே. என் குரலும் மறந்திருக்கும். எனக்கு அந்தப் பாஷை வராது. வந்தாலும் நாக்கு திரும்பாது. நீ படிச்சவ. நாளைக்கு ஒரு தடவை மேல போ. அவங்க கூப்பிடற மாதிரியே, அந்தப் பேரைச் சொல்லி, அவங்க பாஷையிலயே கூப்பிட்டுப் பாரு. அம்மா கூப்பிடறான்னு சொல்ல வேணாம். யாரு கூப்பிட்டாலும் சரி, கீழ எறங்கி வந்தாப் போதும்னு சொல்லு."